பிஎஸ்2 எமுலேட்டருக்கு பயாஸ் எடுப்பது எப்படி: உங்கள் சொந்தப் பெட்டியிலிருந்து, படிப்படியாக

பயாஸை காப்பி எடுக்க எனக்கு ஆனது நாலே நிமிஷம். அந்த நாலு நிமிஷத்துக்கு வந்து சேர ஒன்பது நாள் ஆனது. வீணாய்ப் போன டிவிடி ஆறு, பென்டிரைவ் வாங்கக் கடைக்கு அலைந்தது இரண்டு தடவை, நடுவில் ஒருநாள் "சனியனைத் தூக்கிப் பரணில் போடு" என்று வீட்டில் வாங்கிய திட்டு வேறு. இத்தனைக்கும் நான் செய்த தப்புகள் எல்லாமே முன்கூட்டி யாராவது ஒரு வரி சொல்லியிருந்தால் தவிர்த்திருக்கக் கூடியவை. அந்த வரிகளைத்தான் இங்கே எழுதுகிறேன்.

பிசிஎஸ்எக்ஸ்2 என்பது பிஎஸ்2 (சோனியின் பிளேஸ்டேஷன் 2) கேம்களைக் கணினியில் ஓட்டும் எமுலேட்டர். அதை இறக்கி நிறுவினால் முதல் வேலையாக அது பயாஸ் எங்கே என்று கேட்கும். பயாஸ் என்பது பிஎஸ்2 பெட்டியை ஆன் செய்ததும் அதை எழுப்பிவிடுகிற மென்பொருள், பெட்டிக்குள் இருக்கும் ஒரு சிப்பில் எழுதப்பட்டிருக்கும். அது சோனியின் சொத்து என்பதால் எமுலேட்டர் செய்பவர்கள் அதைச் சேர்த்துக் கொடுக்க மாட்டார்கள், கொடுக்கவும் முடியாது. பிஎஸ்3 எமுலேட்டர் பயன்படுத்தியவர்களுக்கு இந்தத் தலைவலி தெரியாது. அதற்கான ஃபர்ம்வேரை (பெட்டியின் அடிப்படை மென்பொருளை) சோனியே தன் தளத்தில் இலவசமாக வைத்திருக்கிறது, இறக்கி நிறுவிவிட்டுப் போய்க்கொண்டே இருக்கலாம். பிஎஸ்2-க்கு அந்த வசதி கிடையாது. பெட்டியிலிருந்து நாமேதான் எடுக்க வேண்டும்.

"கூகுளில் தேடினால் ஆயிரம் இடத்தில் கிடைக்குதே" என்பீர்கள். கிடைக்கும். அது அடுத்தவர் சொத்தின் திருட்டுப் பிரதி என்பது ஒருபக்கம் இருக்கட்டும். "பயாஸ் பேக்" என்ற பெயரில் வருவதில் பாதி எதையாவது நிறுவச் சொல்லும் குப்பை. பயாஸ் என்பது வெறும் தரவு ஃபைல், அது நிறுவும் புரோகிராமாக வரவே வராது. இரட்டை க்ளிக் செய்து நிறுவச் சொன்னால் உடனே அழித்துவிடுங்கள். நம் நாட்டுச் சட்டத்தில், அதாவது 1957 பதிப்புரிமைச் சட்டத்தின் 52-ஆம் பிரிவில், ஒரு கணினி நிரலின் பிரதியை முறையாக வைத்திருப்பவர் அந்தப் பிரதியிலிருந்து பேக்கப் எடுத்துக்கொள்ள நிபந்தனையோடு இடம் இருக்கிறது. அந்த இடமும் கையில் பெட்டி வைத்திருப்பவருக்குத்தான். நான் வக்கீல் இல்லை, இதற்கு மேல் கேட்காதீர்கள்.

சரி, வேலைக்கு வருவோம்.

1. எதையும் வாங்கும் முன் மாடல் நம்பரைப் பாருங்கள்

பெட்டியின் பின்பக்கமோ அடிப்பக்கமோ ஒரு ஸ்டிக்கர் இருக்கும். எஸ்சிபிஎச் என்று தொடங்கி ஐந்து இலக்க எண். இதை ஒரு தாளில் எழுதிக்கொள்ளுங்கள், இனி எல்லாமே இந்த எண்ணை வைத்துத்தான். தடிமனான பழைய பெட்டியென்றால் 10000-இல் தொடங்கி 50000 வரிசை வரை. ஒல்லியான ஸ்லிம் என்றால் 70000, 75000, 77000, 79000, கடைசியாக 90000 வரிசை. கடைசி இலக்கம் எந்த நாட்டுக்காகச் செய்தது என்பதைச் சொல்லும்: 0 ஜப்பான், 1 அமெரிக்கா (70012 மாதிரி சிலவற்றில் 2), 4 ஐரோப்பா. என்னுடையது சித்தப்பா சிங்கப்பூரிலிருந்து கொண்டுவந்த 77006, கடைசி 6 அந்தப் பக்கத்து ஆசிய நாடுகளுக்கு உரியது.

நான் இதைச் செய்யவில்லை. "ஸ்லிம்தானே, எல்லாம் ஒன்றுதான்" என்று நேராக டிவிடி எரிக்க (பர்ன் செய்ய) உட்கார்ந்துவிட்டேன்.

2. பெட்டிக்கு உயிர் இருக்கிறதா

இது ரொம்ப முக்கியம்: அமெரிக்காவிலிருந்தோ ஜப்பானிலிருந்தோ யாராவது கொண்டுவந்த தடிமனான பெட்டியென்றால் அதை நம் வீட்டு ப்ளக்கில் நேரடியாகச் சொருகாதீர்கள். அமெரிக்கப் பெட்டி 120 வோல்ட், ஜப்பான் பெட்டி 100 வோல்ட், நம் வீட்டில் வருவது 230. பின் வடிவம் மாற்றும் அடாப்டர் போட்டால் வோல்டேஜ் மாறாது, பெட்டிதான் புகையும். ஸ்டெப் டவுன் டிரான்ஸ்ஃபார்மர் வேண்டும். 70000 முதல் 79000 வரையுள்ள ஸ்லிம்களுக்கு பவர் அடாப்டர் தனியாக வெளியே இருக்கும், அதன் மேல் 100-240 என்று அச்சிட்டிருந்தால் பயமில்லை. 90000 வரிசையில் அடாப்டர் உள்ளேயே இருப்பதால் பெட்டியின் லேபிளைத்தான் படிக்க வேண்டும்.

அடுத்தது டிவி. பிஎஸ்2-வில் எச்டிஎம்ஐ கிடையாது, மஞ்சள் வெள்ளை சிவப்பு வயர்தான். புது டிவிகளில் பலவற்றில் அந்த மூன்று ஓட்டை இருக்காது, அதற்குப் பதில் ஏவி என்று எழுதிய ஒற்றைச் சின்ன ஓட்டை இருக்கும். அதற்கான இணைப்பு வயர் டிவியோடு வந்த டப்பாவில் கிடக்கலாம், தேடிப் பாருங்கள். இல்லையென்றால் பிஎஸ்2-வின் பின்னால் சொருகும் சின்ன எச்டிஎம்ஐ கன்வெர்ட்டர் கிடைக்கும். விளையாட அது சுமார்தான், நமக்கு வேண்டியது நாலு நிமிஷப் படம், அதனால் போதும்.

ஆன் செய்தவுடன் மொழியையும் நேரத்தையும் கேட்டால் உள்ளே இருக்கும் சிஆர்2032 பேட்டரி செத்துவிட்டது என்று அர்த்தம். கைக்கடிகாரம் பழுதுபார்க்கும் கடையில்கூட அது கிடைக்கும். மாற்ற வேண்டிய கட்டாயமில்லை, ஒவ்வொரு தடவையும் கேட்கும், அவ்வளவுதான். ஆனால் மொழியில் ஆங்கிலத்தையே தேர்ந்தெடுங்கள். காரணம் அடுத்த படியில்.

3. பெட்டியைப் பேச வைக்கும் வழி: மெமரி கார்டா, டிவிடியா

என் ஒன்பது நாளில் ஏழு நாள் இந்த ஒரு படியில்தான் போனது, அதனால் நிதானமாகவே சொல்கிறேன்.

பிஎஸ்2 தானாக நம் சொந்தப் புரோகிராம்களை ஓட்டாது. ஓட்ட வைக்க ஒரு கள்ளச்சாவி வேண்டும். பெரும்பாலானோர் போகும் வழிகள் இரண்டு.

முதல் வழி ஃப்ரீ மெக்பூட். இது ஒரு மெமரி கார்டில் நிறுவப்பட்டிருக்கும். கார்டைச் சொருகிப் பெட்டியை ஆன் செய்தால் வழக்கமான மெனுவில் கூடுதலாக சில வரிகள் தெரியும், அதில் யுலாஞ்ச்எல்ஃப் என்று ஒன்று இருக்கும், ஃபைல்களைப் பார்க்கவும் நம் புரோகிராம்களை ஓட்டவும் உதவுவது, நமக்கு அதுதான் வேண்டும். தடிமன் பெட்டிகளிலும் 70000 முதல் 79000 வரையிலான ஸ்லிம்களிலும் இது வேலை செய்யும். 90000 வரிசையில்தான் சிக்கல். அதில் பிந்தி வந்தவற்றில் பயாஸ் பதிப்பு 2.30, அதில் சோனி இந்த ஓட்டையை அடைத்துவிட்டது. 90000 வைத்திருப்பவர்கள் ஃப்ரீ மெக்பூட் கார்டு வாங்கிக் காசைக் கரியாக்க வேண்டாம். ஓப்பன்டூனா என்று எழுதப்பட்ட கார்டைத் தேடுங்கள், அல்லது இரண்டாவது வழிக்கு வாருங்கள்.

இரண்டாவது வழி ஃப்ரீடிவிடிபூட், 2020-இல் வந்தது. பிஎஸ்2-வில் படம் பார்க்க இருக்கும் டிவிடி பிளேயரில் உள்ள ஒரு பிழையைப் பயன்படுத்திக்கொள்கிறது. ஒரு ஐஎஸ்ஓ ஃபைலை (முழு டிஸ்க்கின் பிரதி ஒரே ஃபைலாக) இறக்கி, வெற்று டிவிடியில் எரித்து, பெட்டிக்குள் போட்டால் படம் ஓடப்போகிற மாதிரி தொடங்கி யுலாஞ்ச்எல்ஃபில் போய் நிற்கும். ஸ்லிம் எல்லாவற்றுக்கும் பொதுவாக ஒரே ஐஎஸ்ஓ இருக்கிறது, ஆனால் பெட்டியின் மொழி ஆங்கிலமாக இருக்க வேண்டும். பேட்டரி விஷயத்தில் ஆங்கிலம் என்று அழுத்திச் சொன்னது இதற்காகத்தான். தடிமன் பெட்டிகளில் டிவிடி பிளேயரின் பதிப்பைப் பொறுத்து இது வேலை செய்யும், செய்யாமலும் போகும். அந்தப் பதிப்பைப் பார்க்க, டிஸ்க் எதுவும் போடாமல் பெட்டியை ஆன் செய்து, முதல் மெனுவில் முக்கோண பட்டனை அழுத்துங்கள். வரும் பட்டியலில் டிவிடி பிளேயர் என்ற வரியில் எண் இருக்கும்.

கேட்க டிவிடி வழி மலிவாகத்தான் தெரிகிறது, வெற்று டிவிடி முப்பது ரூபாய்தானே. நானும் அப்படித்தான் நினைத்தேன். முதல் டிவிடி ஓடவில்லை. எரித்த வேகம் தப்பு என்று நினைத்து வேகத்தைக் குறைத்து இரண்டாவதை எரித்தேன், ஓடவில்லை. பிளஸ் ஆர் வகையால் பிரச்சினையோ என்று மைனஸ் ஆர் வாங்கி மூன்றாவது. அப்புறம் ஐஎஸ்ஓவைத் திரும்ப இறக்கி நான்காவது. ஆறாவது டிவிடியும் ஓடாமல் போனபோதுதான் ஒரிஜினல் கேம் டிஸ்க் ஒன்றைப் போட்டுப் பார்க்க வேண்டும் என்று தோன்றியது. அதையும் பெட்டி படிக்கவில்லை! லென்ஸ் எப்போதோ செத்திருக்கிறது. இருபது வருஷத்துப் பெட்டியில் முதலில் சாவது லென்ஸ்தான் என்று அப்புறம் விசாரித்தபோது பழுதுபார்க்கும் அண்ணன் சிரித்துக்கொண்டே சொன்னார்.

அதனால் டிவிடி வழிக்குப் போகிறவர்கள் முதலில் ஏதாவது ஒரு ஒரிஜினல் டிஸ்க்கைப் போட்டு ஓடுகிறதா என்று பாருங்கள். ஓடினால் மட்டும் டிவிடி வாங்குங்கள். மைனஸ் ஆர் வகை, திரும்ப எழுதும் ஆர்டபிள்யூ வேண்டாம். இருப்பதிலேயே குறைந்த வேகத்தில் எரியுங்கள், எரித்து முடித்ததும் ஃபைனலைஸ் ஆக (மேற்கொண்டு எழுத முடியாதபடி மூட) வேண்டும். இம்ஜ்பர்ன் என்ற பழைய இலவச மென்பொருள் இதற்குப் போதும். லேப்டாப்பில் டிவிடி டிரைவ் இல்லாதவர்கள் அதையும் கணக்கில் சேர்த்துக்கொள்ளுங்கள், வெளியே சொருகும் டிரைவ் வாங்கினால் கார்டை விட அதிகமாகிவிடும்.

கார்டு வழிக்கு நான் கொடுத்தது கூரியர் சேர்த்து 750 ரூபாய், வந்து சேர நாலு நாள். வாங்கும்போது விற்பவரிடம் உங்கள் மாடல் எண்ணைச் சொல்லி இதற்கு ஓடுமா என்று கேட்டுவிடுங்கள். நண்பரிடம் இருக்கும் கார்டிலிருந்து உங்கள் பழைய கார்டுக்குக் காப்பி போட்டுக்கொள்ளலாம் என்று நினைக்காதீர்கள். அந்த ஃபைல் அந்தந்தக் கார்டோடு பிணைத்துக் குறியாக்கம் செய்யப்பட்டிருக்கும், காப்பி போனாலும் ஓடாது. நண்பரின் கார்டை ஒருநாளைக்குக் கடன் வாங்கிக்கொள்ளுங்கள், அதுதான் எல்லாவற்றிலும் மலிவு, நமக்கு அது ஒருதடவைக்கு மேல் தேவைப்படாது. கார்டு வந்ததும் பிஎஸ்2-வின் பிரௌசரில் போய் ஃபார்மட் செய்துவிடாதீர்கள், மொத்தமும் போய்விடும்.

மாட்சிப் (எரித்த டிஸ்க்கையும் ஓட விடும் கூடுதல் சிப்) போட்ட பெட்டி வைத்திருப்பவர்களுக்கு இந்தத் தொல்லை இல்லை. லென்ஸ் நன்றாக இருந்தால் யுலாஞ்ச்எல்ஃபை ஒரு டிஸ்க்கில் எரித்து நேராகவே ஓட்டலாம்.

4. பென்டிரைவ்: பெரிசு வேண்டாம், சின்னது போதும்

பிஎஸ்2-வில் முன்பக்கம் இரண்டு யுஎஸ்பி ஓட்டைகள் உண்டு, யுஎஸ்பி 1.1 என்ற ஆதிகால வேகம். அதற்குப் பென்டிரைவ் ஃபேட்32 வடிவத்தில் இருக்க வேண்டும், பார்ட்டிஷன் முறை எம்பிஆர் ஆக இருக்க வேண்டும். என் 64 ஜிபி பென்டிரைவ் வாங்கும்போதே எக்ஸ்ஃபேட்டில் வந்தது. விண்டோஸில் வலது க்ளிக் செய்து ஃபார்மட் போட்டுப் பார்த்தால் ஃபேட்32 என்ற பெயரே பட்டியலில் இல்லை, 32 ஜிபிக்கு மேல் போனால் விண்டோஸின் அந்த ஜன்னல் அதைக் காட்டாது. ரூஃபஸ் போன்ற மென்பொருளால் மாற்றலாம். ஆனால் வீட்டில் எங்காவது மூலையில் கிடக்கும் 4 ஜிபி, 8 ஜிபி பழசு இருந்தால் அதுவே மேல். நமக்கு மொத்தத் தேவையே சில எம்பிதான். கடைசியில் கல்யாண வீடியோ கொடுத்த 8 ஜிபி பென்டிரைவில்தான் என் வேலை முடிந்தது (வீடியோவைக் கணினிக்கு மாற்றிவிட்டுத்தான் ஃபார்மட் போட்டேன், நீங்களும் அப்படியே செய்யுங்கள்).

ஃபார்மட் செய்த பென்டிரைவில், பயாஸைக் காப்பி எடுக்கும் பயாஸ்டிரெய்ன் என்ற புரோகிராமைப் போட வேண்டும். இலவசம், பிசிஎஸ்எக்ஸ்2 தளத்தின் வழிகாட்டியிலேயே அதைச் சொல்லியிருப்பார்கள், அங்கிருந்து போனால் சரியான இடத்துக்குப் போவீர்கள். ஜிப்பாக வந்தால் பிரித்து, எல்ஃப் என்று முடியும் ஃபைலை பென்டிரைவில் நேரடியாக, எந்த ஃபோல்டருக்குள்ளும் போடாமல் வையுங்கள். கணினியிலிருந்து பிடுங்கும்போது இஜெக்ட் கொடுத்தே பிடுங்குங்கள்.

5. டம்ப் (பயாஸின் காப்பி) எடுப்பது

ஒன்பது நாள் பாடுபட்டது இதற்குத்தான், ஆனால் எழுத இதில் அதிகம் ஒன்றுமில்லை.

கார்டைச் சொருகுங்கள், அல்லது எரித்த டிவிடியைப் போடுங்கள். பென்டிரைவைச் சொருகுங்கள். ஆன் செய்து யுலாஞ்ச்எல்ஃபுக்குள் போனதும் ஃபைல்பிரௌசரைத் திறங்கள். எம்சி0, எம்சி1 என்று மெமரி கார்டுகள் தெரியும், அவற்றுக்குக் கீழே மாஸ் என்று ஒன்று தெரியும், அதுதான் பென்டிரைவ். எந்த பட்டனுக்கு என்ன வேலை என்று திரையின் அடியில் எழுதியிருக்கும், படித்துவிட்டு அழுத்துங்கள், ஏனென்றால் இதில் "சரி" என்பதற்கு நாம் பழகிய எக்ஸ் இல்லாமல் வட்டமாக இருக்கும்.

மாஸுக்குள் போனால் காலியாகத் தெரிகிறதா? பதறாதீர்கள். வெளியே வந்து பத்து விநாடி பொறுத்துத் திரும்ப உள்ளே போங்கள். அப்போதும் காலியென்றால் இன்னொரு ஓட்டையில் சொருகிப் பாருங்கள். அதற்கும் மசியவில்லையென்றால் அந்தப் பென்டிரைவைப் பெட்டிக்குப் பிடிக்கவில்லை, வேறு ஒன்றை எடுங்கள். சில பென்டிரைவ்களோடு பிஎஸ்2-வுக்கு ஒத்துப்போகாது, காரணம் தேடி மெனக்கெடாதீர்கள்.

பயாஸ்டிரெய்னைத் தேர்ந்தெடுத்து ஓட்டினால் திரையில் வரி வரியாக எழுத்து ஓடும். அது தானாக எல்லாவற்றையும் பென்டிரைவில் எழுதும். முடிந்தது என்று சொல்லும்வரை கை வைக்காதீர்கள். பென்டிரைவில் விளக்கு இருந்தால் அது மினுக்குவது நின்றபிறகும் கொஞ்சம் பொறுத்து பெட்டியை அணையுங்கள். அவசரப்பட்டுப் பிடுங்கினால் ஃபைல் அரைகுறையாக நிற்கும், எமுலேட்டர் அதைப் பயாஸாகவே மதிக்காது, நீங்கள் எமுலேட்டரைத் திட்டிக்கொண்டிருப்பீர்கள்.

6. வந்தது சரியா என்று பார்ப்பது

பென்டிரைவில் ஒரே பெயரும் வெவ்வேறு வால்களும் கொண்ட சில ஃபைல்கள் இருக்கும். முக்கியமானது ரோம்0 என்று முடிவது, இதுதான் உண்மையான பயாஸ். வலது க்ளிக் செய்து ப்ராப்பர்ட்டீஸில் அளவைப் பாருங்கள்: சரியாக 41,94,304 பைட், அதாவது 4 எம்பி. ஒரு பைட் குறைந்தாலும் திரும்ப எடுங்கள். 512 கேபி என்று ஒரு ஃபைலை யாராவது பிஎஸ்2 பயாஸ் என்று கொடுத்தால் அது பிஎஸ்1-உடையது, இங்கே உதவாது.

மற்றவற்றைப் பார்த்துப் பயந்துவிடாதீர்கள். என்விஎம் என்று முடிவது வெறும் 1 கேபி, உங்கள் மொழி போன்ற அமைப்புகள் அதில் இருக்கும். மெக் என்று முடிவது மொத்தமே 4 பைட்! நான் அதைப் பார்த்து டம்ப் கெட்டுவிட்டது என்று நினைத்து முழுசாகத் திரும்ப எடுத்தேன். அது அவ்வளவுதான் இருக்கும். ரோம்1 என்பது டிவிடி படம் பார்க்கும் பகுதி, கேம் ஓட அது தேவையில்லை, இருந்தால் வைத்துக்கொள்ளுங்கள். எல்லா மாடலிலும் எல்லா ஃபைலும் வராது. ரோம்0 வந்திருந்தால் போதும், மற்றது இல்லாவிட்டாலும் எமுலேட்டர் சமாளித்துக்கொள்ளும்.

சந்தேகப் பேர்வழிகளுக்கு ஒரு யோசனை: முதல் டம்பைக் கணினியில் ஒரு ஃபோல்டருக்கு மாற்றிவிட்டு இரண்டாவது தடவை எடுங்கள். இரண்டு ரோம்0-க்கும் 7ஜிப்பின் வலது க்ளிக் மெனுவில் ஷா கணக்கு (ஃபைலின் கைரேகை மாதிரி ஒரு எண்) போட்டுப் பாருங்கள். இரண்டும் ஒன்றாக இருந்தால் நிம்மதியாகத் தூங்கலாம்.

பெயரை மாற்ற வேண்டுமா என்றால், வேண்டியதில்லை. பிசிஎஸ்எக்ஸ்2 பெயரைப் பார்க்காது, உள்ளே இருப்பதைப் பார்த்துத்தான் அடையாளம் காணும். அழகுக்காக மாற்றுவதென்றால் எல்லா ஃபைலுக்கும் சேர்த்து ஒரே மாதிரி மாற்றுங்கள், வால் மட்டும் அப்படியே இருக்கட்டும். ரோம்0-க்கு ஒரு பெயரும் என்விஎம்முக்கு வேறு பெயரும் இருந்தால் இரண்டுக்கும் உறவு அறுந்துவிடும்.

7. எமுலேட்டரில் வைப்பது

பிசிஎஸ்எக்ஸ்2-வை முதல்தடவை திறக்கும்போது மொழி, பயாஸ், கேம் ஃபோல்டர், கன்ட்ரோலர் என்று வரிசையாகக் கேட்கும். பயாஸ் பக்கத்தில் எந்த ஃபோல்டரில் தேடுகிறது என்று காட்டும். விண்டோஸில் நிறுவியிருந்தால் அது வழக்கமாக டாக்குமென்ட்ஸுக்குள் பிசிஎஸ்எக்ஸ்2, அதற்குள் பயாஸ். லினக்ஸில் ஃப்ளாட்பேக்காகப் போட்டவர்களுக்கு அது ஹோமுக்குள் ஒளிந்திருக்கும் வார் ஃபோல்டரின் ஆழத்தில் எங்கோ இருக்கும், கையால் தேடினால் கிடைக்கவே கிடைக்காது.

அதனால் எந்தக் கணினியானாலும் ஃபோல்டரை நீங்களாகத் தேடிப் போகாதீர்கள், அந்தப் பக்கத்திலேயே ஃபோல்டரைத் திறக்கும் பட்டன் இருக்கிறது, அதை அழுத்தித் திறக்கும் ஜன்னலில் ஃபைல்களைப் போடுங்கள். நான் நானாகப் போய் டாக்குமென்ட்ஸில் போட்டேன், பட்டியல் காலியாகவே இருந்தது. ஒரு மாலை முழுக்க மண்டையைக் குடைந்தபிறகு தெரிந்தது, என் கணினியில் டாக்குமென்ட்ஸே இரண்டு: ஒன்று கணினியில், இன்னொன்று ஒன்டிரைவுக்குள். எமுலேட்டர் ஒன்றைப் பார்த்துக்கொண்டிருந்தது, நான் இன்னொன்றில் கொட்டிக்கொண்டிருந்தேன். இன்னொரு காரணத்துக்காகவும் ஒன்டிரைவ் இடைஞ்சல்: இடத்தை மிச்சம் பிடிக்கிறேன் என்று ஃபைலை மேகத்துக்கு அனுப்பிவிட்டு நிழலை மட்டும் விட்டுவைக்கும். பயாஸ், மெமரி கார்டு ஃபோல்டர்களை முடிந்தால் அதற்கு வெளியே வைத்துக்கொள்ளுங்கள், அமைப்புகளில் இடத்தை மாற்றலாம்.

ஜிப்பாகப் போட்டால் எமுலேட்டர் படிக்காது. பயாஸ் ஃபோல்டருக்குள் இன்னொரு ஃபோல்டர் போட்டு அதற்குள் வைப்பதும் வேண்டாம். போட்டதும் ரிஃப்ரெஷ் கொடுத்தால் பட்டியலில் ஒரு வரி வரும்: நாடு, பதிப்பு எண், தேதி. உதாரணத்துக்கு அமெரிக்க 70012 மாடலென்றால் யுஎஸ்ஏ, 2.00, 14/06/2004 என்று காட்டும். அந்த வரியைத் தொட்டுத் தேர்ந்தெடுங்கள். பட்டியலில் வந்துவிட்டதே என்று தேர்ந்தெடுக்காமல் அடுத்த பக்கம் போகிறவர்கள் உண்டு, பெயர் சொல்லவில்லை, என் தம்பி.

எந்த நாட்டு பயாஸ் வேண்டும் என்ற கவலை வேண்டாம். உண்மையான பெட்டியில் அமெரிக்க டிஸ்க் ஐரோப்பியப் பெட்டியில் ஓடாது, எமுலேட்டரில் அந்தப் பூட்டு கிடையாது. ஆசியப் பெட்டியின் பயாஸை வைத்துக்கொண்டு எந்த நாட்டு கேமையும் ஓட்டலாம். ஜப்பானின் முதல் மாடலான 10000 மட்டும் கொஞ்சம் அரைகுறையான பயாஸ், வேறு பெட்டி கிடைத்தால் அதைவிட்டு இதை எடுக்காதீர்கள்.

8. கேம் போடும் முன் ஒரு சோதனை

கேமை உடனே திறக்காதீர்கள். சிஸ்டம் மெனுவில் பயாஸை மட்டும் தொடங்க ஒரு வழி இருக்கிறது, ஸ்டார்ட் பயாஸ் என்று. அதை அழுத்துங்கள். இருட்டில் கோபுரங்கள் எழும்பி, அந்தப் பழைய சத்தம் வந்து, மெனு வந்துவிட்டால் பயாஸ் வேலை முடிந்தது. முதல்தடவை மொழியும் நேரமும் கேட்கும், கொடுத்துவிடுங்கள்.

இந்தச் சோதனை எதற்கென்றால், அப்புறம் கேம் ஓடாதபோது பழியை எங்கே போடுவது என்று தெரிந்திருக்கும். பயாஸ் மெனு வருகிறது, கேம் போட்டால் சிவப்புத் திரை வந்து பிளேஸ்டேஷன் டிஸ்க்கைப் போடு என்கிறது என்றால் பயாஸில் குற்றமில்லை, உங்கள் கேம் ஐஎஸ்ஓதான் சரியில்லை. பயாஸ் மெனுவே வராமல் கறுப்பாக நின்றால் ஆறாம் படிக்குத் திரும்பி அளவைப் பாருங்கள். அளவும் சரி, இன்னும் கறுப்பு என்றால் அமைப்புகளில் கிராஃபிக்ஸ் ரெண்டரரை வல்கனிலிருந்து டைரக்ட்3டிக்கோ ஓப்பன்ஜிஎல்லுக்கோ மாற்றிப் பாருங்கள், பழைய லேப்டாப்களில் பெரும்பாலும் அதுதான் காரணம்.

ஃபாஸ்ட் பூட் என்ற டிக் போட்டிருந்தால் கோபுரக் காட்சி வராமல் நேராக கேமுக்குப் போகும். "பயாஸ் வேலை செய்யலையே, லோகோ வரலையே" என்று பலர் குழம்புவது இதனால்தான். எனக்கு அந்தச் சத்தம் இல்லாமல் விளையாடப் பிடிக்காது, அதனால் டிக்கை எடுத்துவிட்டேன். உங்கள் இஷ்டம்.

9. அதே ஃபைல் வேறு எங்கெல்லாம் ஆகும்

ஆண்ட்ராய்டில் ஈதர்எஸ்எக்ஸ்2 வழிவந்த எமுலேட்டர்களுக்கும் இதே ரோம்0 போதும். ஃபோனில் ஒரு ஃபோல்டரில் போட்டு, செயலியில் இம்போர்ட் கொடுத்தால் எடுத்துக்கொள்ளும். ஈதரின் வளர்ச்சி 2023 தொடக்கத்திலேயே நின்றுபோனது, அது எப்போதுமே இலவசமாகத்தான் இருந்தது. அதனால் "பிஎஸ்2 எமுலேட்டர் ப்ரோ, பயாஸ் உள்ளேயே இருக்கிறது" என்று காசு கேட்கும் செயலிகளைப் பார்த்தால் ஒதுங்கிவிடுங்கள். ரெட்ரோஆர்க் (பல எமுலேட்டர்களை ஒரே இடத்தில் ஓட்டும் மென்பொருள்) வைத்திருப்பவர்கள் அதன் சிஸ்டம் ஃபோல்டருக்குள் பிசிஎஸ்எக்ஸ்2 என்றும், அதற்குள் பயாஸ் என்றும் ஃபோல்டர் போட்டு அங்கே வைக்க வேண்டும்.

கேம் டிஸ்க்குகளைப் பொறுத்தவரை, டிவிடியாக இருந்தால் கணினியின் டிவிடி டிரைவில் போட்டு அதே இம்ஜ்பர்னில் ஐஎஸ்ஓவாக எடுக்கலாம். அடிப்பக்கம் நீலமாக இருந்தால் அது சிடி, அதை "பின்", "க்யூ" என்று முடியும் ஜோடி ஃபைல்களாக எடுக்க வேண்டும். அது தனிக் கதை, அதில் நான் இன்னும் கரையேறவில்லை.

செலவுக் கணக்கு கேட்பவர்களுக்கு: எனக்குக் கார்டு 750, வீணான டிவிடி 180, ஏவி வயர் 150, பேட்டரி 40, ஆக 1,120 ரூபாய். மாடல் நம்பரையும் லென்ஸையும் முதலில் பார்த்திருந்தால் டிவிடிக் காசும் ஒரு வாரமும் மிச்சம். கார்டு கடன் கிடைக்கும் புண்ணியவான்களுக்கு இது ஒரு சனிக்கிழமை மதிய வேலை, சாப்பிட்டு உட்கார்ந்தால் காப்பி நேரத்துக்குள் முடிந்துவிடும்.

எடுத்த ஃபைல்கள் எல்லாவற்றையும் சேர்த்து ஜிப் போட்டு, மாடல் எண்ணைப் பெயராக வைத்து, இரண்டு இடத்தில் பத்திரப்படுத்துங்கள். பெட்டியைத் திரும்பப் பரணில் வைக்கும் முன் அந்த சிஆர்2032 பேட்டரியைக் கழற்றிவிடுங்கள், கசிந்தால் உள்ளே பலகையை அரித்துவிடும். என்னிடம் யாரும் ஃபைலை அனுப்பச் சொல்லிக் கேட்காதீர்கள், அனுப்ப மாட்டேன். ஃப்ரீ மெக்பூட் கார்டு வேண்டுமென்றால் சொல்லுங்கள், கோயம்புத்தூர்க்காரர்களுக்குக் கடனாகத் தருகிறேன், ஃபார்மட் மட்டும் செய்துவிடாதீர்கள்.